மூன்றாம் வார்டு லைன்

மார்கழி, காலை ஆறு மணிக்கே போன்.
மூன்றாம் வார்டில் தண்ணீர் இல்லை,
வந்தாலும் நூல் மாதிரிதான் வருகிறதாம்.
பிச்சம்மா போனிலேயே குடத்தைத் தட்டிக் காட்டுகிறாள்:
கேட்டுக்கோ, வெறுங்குடம்.

ஸ்பானர், ட்யூபில் வெட்டிய ரப்பர், ஒரு முழம் கட்டுக்கம்பி.
தாண்டிக்குடிக்கு மேலே
பன்றிமடு ஓடைவரை ஒன்றரை மைல் ஏற்றம்.
கறுப்பு ஹோஸும் கூடவே ஏறுகிறது,
பலா வேரைச் சுற்றி, மிளகு படர்ந்த முள்முருங்கையைச் சுற்றி,
நான் போட்ட கட்டுகளோடு.
எந்தக் கட்டு எந்த வருஷத்து யானை மிதித்தது
என்று கேட்டால் சொல்வேன்.

பன்னிரண்டாவது ஜாயின்ட்டைக் கழற்றி
வாய் வைத்து ஊதினேன்.
புளித்த கள் வாடை.
மறுபடி ஊதினேன், கன்னம் நோக.
சேறு வந்தது,
ஒரு காப்பித் தொலி,
அப்புறம் நீ.

சுண்டுவிரல் நீளம்.
ஆற்றுமணலை உருட்டித் திரித்து
புகையிலைச் சாற்றில் பட்டை போட்ட மாதிரி உடம்பு.
வாயைச் சுற்றி மீசை, ரேஷன் கடைக்காரர் தோரணை.
கண்ணுக்குக் கீழே ஒளித்துவைத்த முள்.
பிடித்த பெருவிரலில் குத்தினாய்.
நன்றாகவே குத்தினாய்.

அயிரை.
மதுரைப் பக்கம் உன் பங்காளிகளைப்
பாலில் நீந்தவிட்டுக் குழம்பு வைப்பார்கள்.
நீ இங்கே குளிரில் கிடப்பவன்,
பகலெல்லாம் கல்லடியில் தூங்குகிறவன்,
நிழல் விழுந்தாலே மணலாகிவிடுகிறவன்.
குழாய் முகப்பில் தங்கச்சியின் நைலான் சேலையை
நாலாக மடித்துக் கட்டியிருக்கிறேன்.
அதைக் கிழித்துக்கொண்டு
இருட்டில் முந்நூறு அடி இறங்க
அப்படி என்ன அவசரம்?

மடுவுக்குப் போய்ப் பார்த்தேன்.
உன் ஆட்கள் எல்லாரும் மேலே.
பட்டப்பகலில், மணலை விட்டுவிட்டு,
எழும்பி
ஒரு வாய்க் காற்றை விழுங்கிக்
கீழே போகிறார்கள்,
போன வேகத்தில் எழும்புகிறார்கள்.
வயிற்றாலும் மூச்சு விடத் தெரிந்த சாதி.
தண்ணீரில் மூச்சு தீர்ந்தால்தான் இந்த வித்தை.
தண்ணீர் லேசான பழுப்பு,
மழை பெய்த மறுநாள் இருக்குமே, அவ்வளவுதான்.
டம்ளரில் பிடித்தால் நானே குடித்திருப்பேன்.

பாறைக்கு அந்தப்பக்கம்
அரியநாதன் எஸ்டேட்டில் புது பல்ப்பர் ஓடும் சத்தம்.
ராத்திரி பூராவும் ஓடியிருக்கும், பழம் சிவக்கிற மாதம்.
தொலிக்குழி நிறைந்தால் வழியும்.
வழிந்தது எங்கே போகும்?
மலையில் எல்லாம் கீழேதான் போகும்.
என் பெண்டாட்டி செல்வமேரி
அங்கேதான் பழம் எடுக்கிறாள்.

தண்ணீர் பாட்டிலில் பாதியைக் குடித்துவிட்டு
மீதியில் உன்னைப் போட்டேன்.
சீரகம் போட்டுக் காய்ச்சியது.
மன்னித்துக்கொள்.
பல்ப்பரைத் தாண்டி, அருவிக்கு மேலே,
கை நடுங்கும் குளிரில் விட்டேன்.
கூழாங்கல் மேல் ஒரு கணம் நீ இருந்தாய்.
அப்புறம் கூழாங்கல் இருந்தது.

ஒன்றைத்தான் கொண்டுபோக முடிந்தது.
மடுவில் மிச்சம் எத்தனை என்று எண்ணவில்லை.

இறங்கி வந்து கேட் வால்வை
இறுகும்வரை திருகினேன்.
நூலும் நின்றது.
போன் அடித்தது, பிச்சம்மாதான். எடுக்கவில்லை.

பஞ்சாயத்து ரிஜிஸ்டரில்
தேதி, நேரம், வார்டு.
காரணம் என்ற கட்டத்தில் வழக்கமாக
குழாய் உடைப்பு, மோட்டார் பழுது, காட்டுமாடு.
பேனாவை உதறிவிட்டு எழுதினேன்: அயிரை.

கிளார்க் மங்களேஸ்வரி கண்ணாடியை ஏற்றிக்கொண்டார்.
"மீன் அடைச்சிக்கிச்சா?"
"அடைக்கல மேடம். தப்பிச்சு ஓடியாந்துச்சு."
அவர் அந்த வரியை அடிக்கவுமில்லை,
கையெழுத்துப் போடவுமில்லை.

பெருவிரலில் முள் பட்ட இடம் இன்னும் விண்ணென்கிறது.
சாயங்காலம் செல்வமேரி வருவாள்,
நகமெல்லாம் காப்பிக் கறையோடு, வாரக்கூலியோடு.
வந்ததும் கை கழுவத்தான் குழாயைத் திறப்பாள்.
எங்கள் வீடும் மூன்றாம் வார்டு.