பதினோரு விநாடி

பள்ளத்தூரில் நான் இறங்குவது இதுதான் முதல் தடவை.
ஆனால் இந்த வீட்டுக்குள் நாலு மாதம் குடியிருந்திருக்கிறேன்,
சாலிகிராமத்தில், ஏசி அறையில்,
ஜன்னலுக்குக் கறுப்புத் துணி அடித்து.

நிலைக்கதவைத் தாண்டியதும்
கால் தானாக இடப்பக்கம் திரும்பியது.
இடப்பக்கம் சுவர்.
அங்கே இருக்கவேண்டிய வளவு
தேவகோட்டையில் இருக்கிறது.
ஒட்டியது நான்தான்.
இங்கே கதவைத் திறந்த கல்யாணப் பெண்
முப்பது கிலோமீட்டர் தள்ளிக் காலை ஊன்றினாள்.
தரைக்கல்லில் பூ மாறியதை மறைக்க
வெள்ளித்தட்டு விழும் சத்தத்தை
ஆறு ஃபிரேம் முன்னால் இழுத்து வைத்தேன்.
காது திடுக்கிட்டால் கண் தரையைப் பார்க்காது.

சாவி வைத்திருந்தவர் அடைக்கலம்.
"வாங்க" என்று அவர் சொல்வதற்கு முன்பே
எனக்கு அவரைத் தெரியும்.
வலது தோள் ஓர் இழை தாழ்ந்திருக்கும்.
பேசப்போகும்போது இரண்டு முறை இமைப்பார்.
ஏழு டேக்.
எல்லாவற்றையும் முன்னும் பின்னும் ஓட்டி
அவர் தொண்டை ஏறி இறங்குவதுவரை மனப்பாடம்.
பேர் மட்டும் தெரியாது;
என் ஃபோல்டரில் அவர் 'கணக்கப்பிள்ளை'.
"பொண்ணு வீட்டுக்காரக வந்துட்டாகய்யா."
ஒரே வசனம். பதினோரு விநாடி.

படம் வெளியான அன்று
காரைக்குடிக்கு வேன் பிடித்தாராம்.
மச்சினன், சம்பந்தி, ரேஷன் கடைக்காரர், அவர் பிள்ளைகள்.
இடைவேளையில் 'பின்னால வருது' என்றாராம்.
"வரலங்கம்மா.
எந்தப் பக்கம் போச்சுன்னே தெரியல"
சிரித்துக்கொண்டே டபராவை நீட்டினார்.

இரண்டாம் ரீல் இழுக்கிறது என்றார்கள்.
டைரக்டர் யோசித்தார். நான் யோசிக்கவில்லை.
அப்பாவின் முகத்திலிருந்து
நேரே கார்க்கதவுக்கு வெட்டினேன்.
நல்ல வெட்டு.
இப்போது கேட்டாலும் சொல்வேன், நல்ல வெட்டு.
அதைப் பார்த்துத்தான் இந்தப் படம் கொடுத்தார்கள்.
இதிலாவது கதவும் கூடமும்
ஒரே ஊரில் இருக்கட்டுமென்று
இடம் பார்க்கக் கூட்டிவந்திருக்கிறார்கள்.

சொல்லிவிடலாம் என்று வாயெடுத்தேன்.
அவர் இரண்டு முறை இமைத்தார்.
ஐந்தாவது டேக்கில்
காமிராவைப் பார்த்துவிட்டு, பார்க்காத மாதிரி
தூணுக்குப் பார்வையை மாற்றுவாரே, அதே இமைப்பு.
டம்ளரில் என் ஆள்காட்டி விரல்
கீபோர்டு என்று நினைத்து அழுந்தியது.

"இந்தப் படத்துலயும் கணக்கப்பிள்ளை உண்டுங்களாம்மா?"

"காபி நல்லாருக்கு" என்றேன்.

கிளம்பும்போது கதவைச் சாத்தி
அவர் சாவியைத் திருப்பினார்.
ஒரு சுற்று. நிறுத்தி, பிடியை மாற்றி, இன்னொரு சுற்று.
மூன்றாவதற்குச் சாவி கொஞ்சம் முரண்டு பிடித்தது.

எண்ணாமல் நிற்கப் பார்த்தேன்.