நூற்று நாற்பத்தொன்பதாவது வரி

வங்கியில் ஃபிலோமினா மேடம் தந்த அட்டவணை
எட்டுப் பக்கம், இருநூற்று நாற்பது வரி.
ரத்தக் குப்பிகளுக்கு நம்பர் ஒட்டுகிற வேலை எனக்கு,
எண்ணைக் கண்டு மிரள்கிறவள் இல்லை.
ஆனாலும் முதல் வரியிலேயே நின்றுவிட்டேன்.

தவணை 22,493.
வட்டி 18,750.
அசல் 3,743.

"அம்புட்டும் வட்டிக்கா?" என்றார் காசிமாயன்.
ஒத்தக்கடையில் பஸ்ஸை விட்டு இறங்கும்வரை
வங்கியைத் திட்டிக்கொண்டே வந்தார்.
மூவாயிரத்து எழுநூறுக்கு
கேட்டின் தாழ்ப்பாளும் நாலு கீலும் வரும்.
முதல் மாதம் எங்களுக்குச் சொந்தமானது அவ்வளவுதான்.

ஒரு வருடம் கட்டியபோது
அசலில் கரைந்தது நாற்பத்தாறாயிரத்துச் சொச்சம்.
"பாத்ரூம் நம்மது" என்றார், "கதவு இல்லாம."
பால் காய்ச்சியதற்கு வராதவர்கள் பிறகு வந்து
சொந்த வீடா என்று விசாரித்தால்
அந்தப் பக்கம்தான் கையைக் காட்டுவார்.

நைட் டூட்டியில், சாம்பிள் ஏதும் வராத ஒரு மூன்று மணிக்கு
கால்குலேட்டரோடு உட்கார்ந்தேன்,
திருட்டைக் கையும் களவுமாகப் பிடித்துவிடலாம் என்று.
இருபத்தைந்து லட்சம். நூற்றுக்கு முக்கால். கழி.
மறுபடியும் நூற்றுக்கு முக்கால். கழி.
திருட்டு இல்லை.
மிச்சத்துக்கு வட்டி,
வட்டி போக மிச்சம்,
அந்த மிச்சம்தான் இந்த மிச்சத்தைத் தின்றாக வேண்டும்.
வாய் சின்னது.
இரண்டாம் மாதம் இருபத்தெட்டு ரூபாய் அகலம் கூடுகிறது,
மூன்றாம் மாதம் இன்னொரு இருபத்தெட்டு.

கல்யாணத்துக்கு முன் அவர் வாங்கிய மூணு வட்டி ஞாபகம் வந்தது.
கீழவாசல் கடையில் ஒரு லட்சம்.
ஐந்து வருடம் மாதாமாதம் மூவாயிரம் கொண்டுபோய்க் கொட்டினார்.
அதே ஒரு லட்சம் அப்படியே நின்றது,
ஒரு முடிகூட நரைக்காமல்.
இது தேய்கிறது.
தேய்கிற சத்தம் கேட்பதில்லை.

விரலை வைத்து வரிவரியாக இறங்கினேன்.
பத்து வருடம் முடிகிற இடத்திலும்
பதினேழே முக்கால் லட்சம் பாக்கி.
149-ல்தான் தராசு சாய்ந்தது:
வட்டி 11,182, அசல் 11,311.
சிவப்புப் பேனாவால் வட்டம் போட்டேன்.
அப்போது எனக்கு நாற்பத்தேழு வயது ஆகியிருக்கும்.

இரண்டு வருடம் கழித்துச் சீட்டு விழுந்தது, ஒரு லட்சம்.
காம்பவுண்டுச் சுவர் என்றார் அவர்.
நான் வங்கிக்குப் போனேன்.
கடைசிப் பக்கத்திலிருந்து இருபது வரி உதிர்ந்தது.
மூன்று நாள் அவர் பேசவில்லை.
நாலாம் நாள், எவர் வீட்டு ஆடோ நுழைந்து
செம்பருத்தியை மொட்டையடித்தபோது
நிறையப் பேசினார்.

அடுத்த மாதமே கடிதம்.
வட்டி அரை சதவீதம் ஏற்றம்.
தவணைத் தொகையில் மாற்றமில்லை,
காலம் மட்டும் நீளும் என்று
ஆறுதல் சொல்கிற தொனி.
உதிர்ந்த இருபதில் பதினைந்து திரும்பி வந்து
ஒன்றும் நடக்காததுபோல வரிசையில் நின்றுகொண்டன.
சிவப்பு வட்டத்துக்குப் புது இடம் கணக்கிட்டேன்:
148.
"ஒத்த வரி ஏறுறதுக்கா ஆட்டை உள்ள விட்ட?"
பதில் சொல்லவில்லை. சொல்லலாம்,
கட்டாமல் இருந்திருந்தால் எத்தனை வரி புதிதாக முளைத்திருக்கும் என்று.
செம்பருத்திக்குக் கணக்கு புரியாது.

நேற்று மாலை மழை. கரண்ட் இல்லை.
அடுப்படி ஜன்னலில்
யானைமலையின் முதுகு நனைந்து நனைந்து கறுத்தது.
இருக்கிற பாக்கிக்கு ஒரு நாள் வட்டி
அறுநூறு ரூபாய்க்கு நெருக்கம்,
மணிக்கு இருபத்தைந்து என்றேன்.
ஸ்டூலை இழுத்துப் போட்டு அவரும் உட்கார்ந்தார்.
மழை விட இரண்டு மணி நேரமானது.
"அம்பது ரூவா" என்றார் எழும்போது.
கொஞ்சம் யோசித்து,
"பரவால்ல."