துளி இன்னும் நீலம்

வெள்ளி இரவு வெளியிட்டோம்.
சனி காலை ஏழு மணிக்கே போன் அடிக்கத் தொடங்கியது,
வெருலத்திலிருந்து ஒருவர், பீனிக்ஸிலிருந்து மூவர்.
"புதுசு ஏத்தியாச்சும்மா,
துளி இன்னும் நீலமாத்தான் இருக்கு."

டர்பனுக்கு வடக்கே குழாய் கைவிரிக்கும் நாட்களில்
தண்ணீர் லாரி எந்தத் தெருவில் நிற்கிறது என்று
சொல்கிற செயலி எங்களுடையது.
வாளியைத் தொடுமுன் ஜனங்கள் அதைத் தொடுவார்கள்.
ஏதோ ஒரு வங்கிக்கும் நீலத் துளியாம்,
பச்சையாக்குங்கள் என்றார் முதலாளி ஃபாரூக்.
பதினேழு பச்சை காட்டினோம். பதினெட்டாவது பிடித்தது.

உள்ளே எல்லாம் மாறிவிட்டது.
வரைபடம் புதிது, லாரி ஊர்வதுகூடத் தெரியும்.
முகப்புத் திரைதான்
என்றோ பார்த்து வைத்த படத்தையே
காட்டிக்கொண்டு கிடக்கிறது.
மறுபடி ஒரு தடவை எட்டிப் பார்க்க அதற்குச் சோம்பல்.

பதினோரு மணிக்கு ஒரு லேண்ட்லைன்.
பெயர் கேட்டேன். நவமணி படையாச்சி, டோங்காட்.
சற்று நிறுத்தி,
"தேஷ்னிதானே?"

மூன்று வருடம்.
கடைசியாக நீதிமன்றத் தாழ்வாரத்தில் பார்த்தது.
அவர் கையில் என் டிபன் டப்பா ஒன்று இருந்தது,
திருப்பிக் கொடுக்கக் கழுவி எடுத்து வந்தது.
"ஆமா மா," என்றேன்.
"செல்போனை ஒருமுறை அணைச்சுப் போடுங்க."

அது விழித்தெழ இரண்டு நிமிடம் பிடித்தது.
அந்தப் பக்கம்
கூரைத் தகரத்தில் குரங்குகள் ஓடின.
ஜோஜோ தொட்டியின் மூடியைக் கழற்றிப் போடுகின்றனவாம்,
மேலே செங்கல் வைத்திருக்கிறாராம்.
லோகனைப் பற்றி அவர் சொல்லவில்லை.
நானும் கேட்கவில்லை.
"எழுந்துடுச்சு. நீலம்."

அமைப்புகள். செயலிகள். இன்னும் கீழே, முகப்பு என்று ஒன்று.
சேமிப்பு. அதில் கேஷ் மட்டும் அழிக்கணும் மா,
பக்கத்திலேயே டேட்டா இருக்கும், அதில் கை வைக்காதீங்க,
அடுக்கி வைத்ததெல்லாம் கலைந்துபோகும்.
ஒவ்வொரு சொல்லையும் எழுத்துக்கூட்டி
எனக்கு வாசித்துக் காட்டிவிட்டுத்தான் தொட்டார்.
நீலம்.

"அப்ப அந்தத் துளியை விரலால் அழுத்திப் பிடிங்க.
முகப்பிலிருந்து எடு என்று வரும்."
"எடுத்தா போயிடாதா?"
"போகாது மா. முன்னாடியிருந்துதான் எடுக்கிறோம்.
உள்ளே அப்படியே இருக்கும்."

சொன்ன பிறகுதான் என் காதில் விழுந்தது.
அந்தப் பக்கமும் கொஞ்ச நேரம் குரங்குகள் மட்டும்.

பிறகு பட்டியலில் தேடி, பிடித்து இழுத்து,
இரண்டு தடவை கைதவறி,
"பச்சை!" என்றார்,
தாயம் விழுந்தவர் குரலில்.
உடனேயே,
"நல்லாவே இல்லை. நீலம்தான் தண்ணி மாதிரி இருந்தது."
புகார் தீர்ந்தது என்று குறித்துக்கொண்டேன்.
கருத்து என்ற கட்டத்தில் அவர் சொன்னதை
அப்படியே எழுதினேன்.

மாலை நாலரைக்கு என் சொந்த போன்.
திரையில் "டோங்காட் மா".
வட்டத்துக்குள் கல்யாண மண்டப வெளிச்சம்,
அவர் சிரிப்பு,
அவர் தோளில் ஓரம் வெட்டுப்பட்ட ஒரு கை,
முழங்கை வரை வளையல்.
என் கை.

மாற்ற மூன்று தொடல் போதும்.
இன்று மட்டும் நாற்பத்தொரு பேருக்குச் சொல்லிக்கொடுத்தவள் நான்.
ஐந்தாவது மணியில் எடுத்தேன்.

லாரி வந்துவிட்டதாம்.
நூறு லிட்டர் பிடித்தாயிற்றாம்.
பச்சை காட்டிய அதே மூலையில்தான் நின்றதாம்,
அதையும் சொல்லிவிட வேண்டும் என்று தோன்றியதாம்.