முப்பத்தொரு கோடு

கனடாவில் இரவு ஏழு மணி என்றால்
வாழைச்சேனையில் விடிய ஐந்தரை.
கணக்குப் பார்த்துத்தான்
அன்றைக்கு இரவு வேலை கேட்டு வாங்கினேன்.

வின்னிபெக்கில் தங்கச்சியின் மகள் மிதுர்ஷா.
பதினாறு வயது, கோல் காக்கிறவள்.
மாகாண இறுதிப் போட்டி.
உடம்பெல்லாம் மெத்தை கட்டி
முகத்துக்குக் கம்பிக்கூடு போட்டு நின்ற படத்தை
நௌபீல் காக்காவுக்குக் காட்டினேன்.
"இது ஆரு, தேன் எடுக்கப் போறவனா?"

ஒரு கிழமையாய் ஐஸ் பெக்டரியில் இதே கதைதான்.
எதிரணியில் ஒருத்தி, இலக்கம் பத்தொன்பது,
இந்தப் பருவத்தில் மட்டும் நாற்பது கோல்.
மிதுர்ஷாவுக்கு இடது தோளுக்கு மேலே ஓர் ஓட்டை.
அரையிறுதியில் வாங்கின மூன்றும் அதற்குள்ளால்தான்.
வீடியோவை நிறுத்தி நிறுத்திப் பார்த்து
நானே கண்டுபிடித்தேன். அவளுக்குச் சொல்லவில்லை.
அவளுக்குக் கோச் இருக்கிறார்;
நான் உப்புத்தண்ணிக்குள் தகரப்பெட்டி இறக்குகிறவன்.

காக்கா லொறிக்காரர், கிரிக்கெட் மூளை.
"டொஸ் வென்றா என்ன செய்வாளுகள்?"
டொஸ் இல்லை என்றேன்.
"டொஸ் இல்லாத விளையாட்டுல என்னத்த நம்புற?"
எதிரணிக்கு இரண்டு பிளேன்ரீ கட்டினார்.

ஆனால் ஐஸைப் பற்றி எனக்குத் தெரியும்.
அவசரத்தில் உறைந்த கட்டி நடுவில் வெள்ளை அடிக்கும்.
அவர்களின் தரையைக் கண்டதும் சொன்னேன்:
நல்ல ஐஸ். மெல்லிசு மெல்லிசாய்த் தண்ணி விட்டு
பொறுமையாய் உறைய வைத்தது.

ஐந்தரைக்கு, கொம்பிரஷர் முழங்க முழங்க,
ஏத்துக்கணக்குப் பலகையில் போனைச் சாய்த்தோம்.
கிருபன் ரீலோட் போட்டு வந்திருந்தான்.
கறுப்பு வட்டு என் கண்ணில் படவேயில்லை.
தெரிந்ததெல்லாம் அவள் உடம்பு.
முழங்கால் மடித்து, இரண்டு காலும் விரித்து
கதவு சாத்துவது போல் விழுகிறாள்.
விழுந்த பிறகுதான் தெரியும்
வட்டு அங்கே வந்தது என்று.
ஒவ்வொரு மறிப்புக்கும் சோக்கால் ஒரு கோடு.

இரண்டாம் பாதியோ மூன்றாம் பாதியோ,
(அங்கே மூன்று பாதி, அதை என்னவென்று சொல்ல)
பத்தொன்பது தனியே வந்தாள்.
எழும்பி நின்று போனுக்குக் கத்தினேன்:
"இடது, மேல, மேல!"
கையுறை மேலே போய் மூடியது.
சொல்லாமலே அவளுக்குத் தெரிந்திருக்கிறது.
காக்கா பந்தயத்தை மறந்து கை தட்டினார்.

ஒன்றுக்கு ஒன்று. மேலதிக நேரம்.
இனி முதல் கோல் போட்டவர்களுக்குக் கிண்ணம்.
அந்த நேரம் பார்த்து அணைந்தது ஆழ்கடல் படகு.
இருபது கட்டி வேணுமாம், உடனே வேணுமாம்,
தண்டயலுக்குக் காற்று மாறுமுன் வெளிக்கிட வேணுமாம்.

கிருபனைப் போனுக்குக் காவல் வைத்துவிட்டு
கொழுக்கி போட்டு இழுத்தேன்.
அரைக்கும் மெசின் ஓடினால் துறைமுகமே செவிடு.
பதினேழாவது கட்டி வாய்க்குள் போகையில்
வாசலில் நின்று கத்துகிறான் கிருபன்.
வாய் திறக்கிறது, மூடுகிறது,
இரண்டு கையும் மேலே.
ஆருக்காகத் தூக்கின கை அது?
மெசினை நிறுத்தவில்லை.
இன்னும் மூன்று கட்டி கிடந்தது.
மூன்றையும் மெல்லமாய்த்தான் தள்ளினேன்.

சத்தம் நின்றதும் காக்கா
என் முகம் பார்க்காமல் சொன்னார்:
"பிளேன்ரீ நான் வாங்குறன்."
பந்தயத்தில் வென்றது அவர்.

போனில், கம்பிக்கூட்டைக் கழற்றாமல்
கோலுக்குள் ஒருத்தி குந்தியிருந்தாள்.
பிறகு தங்கச்சியின் குரல்:
"அண்ணா, பாத்தியா?"
கை ஈரம். எழுத்து ஏறவில்லை.

தண்டயல் பலகையைப் பார்த்துப் பாய்ந்தார்.
"இதென்னடாப்பா முப்பத்தொரு கோடு?
நான் ஏத்தினது இருபது!"
உங்கட கணக்கு கீழே, அந்தக் கரையில்.
மேலே கிடக்கிறது வேறு.
அழிக்கத் துணி எடுத்தார்.
"அது கிடக்கட்டும்" என்றேன்,
இருபது கட்டிக்குக் காசு எண்ணிக்கொண்டு.