தொடர்ச்சிக் குறிப்பு

ருஃபினோ மக்சினோ
எழுதும்போது கண்ணாடி போடுவான்,
நடிக்கும்போது கழற்றிவிடுவான்.
கழற்றிய பிறகு எங்கள் மணிலா ஸ்டூடியோவில்
எதில் இடித்தாலும் மன்னிப்புக் கேட்பான்,
ஒருமுறை விளக்குக் கம்பத்திடம்கூட.

நடிப்பு ஆசையில் வந்ததல்ல.
கதை எழுதுகிறவனுக்குப் பணம் படம் ஓடினால்.
நடிகனுக்கு அன்றன்றே,
சோறும் பொரித்த மீனும் சேர்த்து.
அதனால் ஒவ்வொரு கதையிலும்
தனக்கென்று ஓர் ஆளை ஒளித்துவைத்தான்:
தவறான வீட்டில் சவப்பெட்டி இறக்குகிறவன்,
முதல் சண்டையிலேயே சாகிறவன்,
வாடகை கேட்டு வருகிறவன்.
ஐந்தாவது குழந்தை பிறந்த வருடம்
வாடகை கேட்பவன் ஆறு முறை வந்தான்.

நான் தொடர்ச்சி பார்க்கிறவள்.
எந்தக் கையில் சிகரெட், எத்தனை பொத்தான்,
கோப்பையில் எவ்வளவு மிச்சம்.
தன் வசனத்தைத் தானே மறப்பான்.
"எவன் எழுதினான் இதை, வாயில் நுழையவில்லை"
என்று எல்லோர் முன்னாலும் திட்டிவிட்டு
சாப்பாட்டு நேரத்தில் கண்ணாடியைத் தேடிப்பிடித்துத்
திருத்துவான்.

ஊரடங்குக் காலத்தில்
அரிசி விலை பற்றிய ஒரு வரியைத்
தணிக்கையில் சிவப்பு மையால் அடித்தார்கள்.
அது கடைக்காரனின் வரி. கடைக்காரன் அவன்.
காமிரா ஓடியபோது தராசைத் தூக்கினான்,
வெறும் தட்டைக் கொஞ்ச நேரம் பார்த்தான்,
கீழே வைத்தான்.
தோந்தோவில் ஒரு தியேட்டரில்
பின்வரிசைப் பெண் ஒருத்தி
அடித்த வரியை உரக்கச் சொன்னாள்.
சொல்லுக்குச் சொல் அல்ல, அவனுடையதைவிட நன்றாக.
மறுநாள் நோட்டில் எழுதி எடுத்துவந்து
எனக்குக் காட்டினான்,
பொறாமையோடு.

ஜீப்னியில் ஏறினால்
"அதோ, செத்துப்போகிற ஆள்" என்பார்கள்.
சில்லறை கைமாறிக் கைமாறி டிரைவரிடம் போகையில்
யாராவது அவனுக்கும் சேர்த்துக் கொடுத்துவிடுவார்கள்.
முப்பத்தொன்பது கதைகள் எழுதியவன் என்று
அந்த வண்டியில் எனக்கு மட்டும் தெரியும்.
நான் சொன்னதில்லை.
ஏன் என்று இப்போது யோசிக்கிறேன்.

சம்பாலோக்கில் மூன்று இரவு கண்விழிப்பு.
வாசலில் சீட்டாட்டம், தகர டப்பாவில் பிஸ்கட்,
இஞ்சித் தண்ணீர்.
கண்ணாடி இல்லாமல் படுத்திருந்தான்,
பெட்டியின் கண்ணாடிக்கு அடியில்.
மூக்கின் இருபுறமும் அவனுக்கு இரண்டு பள்ளங்கள்.
"அதை மறையுங்கள்" என்று
இருபது வருடம் மேக்கப்காரர்களிடம் கத்தியவள் நான்.
இங்கே யாரோ கச்சிதமாக மறைத்திருந்தார்கள்.

மகளிடம் சொல்லி மூடியைத் தூக்கவைத்தேன்.
கட்டைவிரலை எச்சிலில் தொட்டுப்
பவுடரைத் துடைத்தேன்,
முதலில் இடது, பிறகு வலது.