பதினான்காம் தேதி

காக்கி புக்கிட், நான்காம் மாடி,
காற்றுக்குழாய் பொருத்தும் கம்பெனி.
இரவு ஒன்பதே முக்கால்.
நள்ளிரவுக்குள் மசேநி கட்டியாக வேண்டும்;
நாளை கட்டினால்
ஒன்றாம் தேதியிலிருந்தே வட்டி.
முதலாளி டியோ பணத்துக்கு அலைகிறார்.
நான் கணக்கோடு உட்கார்ந்திருக்கிறேன்.

ரோஸ்னானி, இரண்டாயிரத்து நானூற்று எண்பத்தாறு வெள்ளி.
நூற்றுக்கு இருபது அவள் பங்கு:
நானூற்றுத் தொண்ணூற்றேழு வெள்ளி, இருபது காசு.
அந்த இருபது காசைத் தொடாதே என்கிறது விதி.
ஊழியரின் சில்லறையை விட்டுவிடு,
மொத்தத்தை முழு வெள்ளியாக்கு,
இடைவெளி முதலாளி தலையில்.
எனக்குப் பிடித்த வரி
இந்தச் சட்டத்தில் இது ஒன்றுதான்.

தேசிகனுக்கு சிண்டா ஐந்து வெள்ளி.
விலகல் படிவம் கேட்டு வாங்கினார்.
மகள் அங்கே கணக்கு வகுப்புக்குப் போகத் தொடங்கியதும்
படிவத்தைத் திருப்பித் தந்துவிட்டார், காப்பிக் கறையோடு.

ஸெங் வாவுக்கு ஐம்பத்தைந்து முடிந்தது.
விகிதம் இறங்கி, கையில் கொஞ்சம் கூடியது.
"பாஸ் சம்பளம் ஏற்றிவிட்டாரா?"
இல்லை அங்கிள், வயது ஏறியிருக்கிறது.

பாவாடைராயன் சீட்டில்
கழிவு என்ற கட்டத்தில் பூஜ்ஜியம்.
சாயங்காலம் தலைக்கவசத்தோடு வந்து நின்றான்,
துத்தநாகத் தூள் புருவத்தில்.
"எல்லாருக்கும் பிடிக்கிறீங்க.
எனக்கு மட்டும் ஏங்க்கா எதுவும் பிடிக்கல?
பிடிச்சா பின்னாடி வரும்ல?"

அவனுக்கான தீர்வை வேறு கோப்பில் இருக்கிறது.
பதினேழாம் தேதி வங்கி தானே எடுத்துக்கொள்ளும்.
அவன் பெயரில் போகும், அவன் பார்க்கமாட்டான்,
அவன் பெயரில் எங்கும் சேராது.
தங்கைக் கல்யாணத்துக்கு ஊர் போனானே,
அந்தப் பதினோரு நாளுக்குத் தள்ளுபடி கேட்டு
நான்தான் விண்ணப்பம் எழுதினேன்.
கம்பெனிக்குக் கிடைத்தது.

இதையெல்லாம் சொல்லவில்லை.
"உனக்குப் பிடிக்க ஒன்றுமில்லை, ராயா" என்றேன்.
தமிழில் அது எப்படி ஒலிக்கிறதென்று
அவன் மின்தூக்கிக்குள் போன பிறகுதான்
காதில் விழுந்தது.

பதினொன்று நாற்பது.
டியோவிடமிருந்து ஒரு சொல்: அழுத்து.
உறுதியா என்று திரை கேட்டது.
அழுத்தினேன்.
ஒரு ரசீது எண் வந்தது, எழுதிக்கொண்டேன்.

பதினேழுக்கு இன்னும் மூன்று நாள்.