இரண்டு கட்டைவிரல்

நாங்கள் பன்னிரண்டு பேர். சில வருடம் பதினான்கு.
கடல் எத்தனை பேரைத் திருப்பித் தருகிறது
என்பதைப் பொறுத்தது.

எசமான் பெயர் ஹால்வார்துர்.
ஐஸ்லாந்தின் மேற்கே, வெயில் மறந்துபோன ஒரு கடற்காலில்
புல் மூடிய மண்வீட்டில் ஏழாவதாகப் பிறந்தவர்.
முந்திய ஆறையும் ஒரே பனிக்காலம் கொண்டுபோனது.
நிலம் இறுகிக் கிடந்தது, கடப்பாரை இறங்கவில்லை.
பனி இளகும்வரை
ஆறு பேரையும் கருவாட்டுக் கொட்டிலில் கிடத்தியிருந்தார்கள்.
சின்னவர் தினமும் போய்ப் பேசிக்கொண்டிருப்பாராம்.
குறுக்கே பேசாத அண்ணன்மார்.
பழக்கம் அங்கே தொடங்கியிருக்கலாம்.

ஊர் சொல்வதுபோல் பிசாசோடு ஒப்பந்தம் எல்லாம் இல்லை.
படகுக்கு ஆள் வேண்டியிருந்தது.
உயிருள்ளவன் பிடித்த மீனில் பங்கு கேட்டான்,
ஞாயிறு கேட்டான், காய்ச்சல் என்றான்.
நாங்கள் எதுவும் கேட்கவில்லை.

எழுப்புவது எப்படியென்று கேட்பீர்கள்.
மந்திரம் கொஞ்சம்தான்.
எழுந்தவன் மூக்கிலும் வாயிலும் வழியும் நுரையை
எழுப்பியவனே நக்கித் துடைக்க வேண்டும்.
எசமான் ஒருமுறைகூட முகம் சுளித்ததில்லை.
பெற்றவள்கூட எங்களுக்கு
அவ்வளவு செய்திருக்க மாட்டாள்.

பணம் என்றால் பிணமும் வாய் திறக்குமாம்.
எங்களிடம் யாரும் காட்டிப் பார்க்கவில்லை.

மூன்றே பருவத்தில் கரை முழுக்க அவருடையது.
கூலிக்காரர்கள் மூட்டை கட்டினார்கள்.
போக மறுத்த இருவர்
அடுத்த புயலுக்குப் பின் எங்களோடு உட்கார்ந்தார்கள்.
அன்று புயல் அவ்வளவு பெரிதில்லை.
சபிக்க வந்த பாதிரியார் தோர்லாகுர்
இப்போது இடப்பக்கம் மூன்றாம் துடுப்பு.
சங்கீதம் மறக்கவில்லை. உதடு மட்டும் அசையும்.

உப்பிட்டவரை உள்ளளவும் நினை என்றால்
எங்களுக்கு உப்பிட்டது கடல்.
ஆனாலும் உழைத்தது இவருக்கு.

எங்களில் ஒருவனுக்கு மனைவி இருந்தாள், ஆல்ஃப்தீஸ்.
முதல் பனி விழும் நாளில் துறைக்கு வருவாள்
ஒரு ஜோடிக் கம்பளிக் கையுறையோடு.
ஒவ்வொன்றிலும் இரண்டு கட்டைவிரல் வைத்துப் பின்னியது.
துடுப்பு உரசி உள்ளங்கைப் பக்கம் தேய்ந்தால்
திருப்பி மாட்டிக்கொள்ளலாம்.
இந்தக் கரையில் மீனவன் கையுறை அப்படித்தான்.
அவனுக்குக் குளிராது என்று எல்லாருக்கும் தெரியும்.
அவளுக்கும்.
அவன் கையை நீட்டுவான்.
நீட்டுவேன்.

ஒருமுறை எசமான் பாறைமேல் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்.
இறங்கி வந்து,
"எனக்கும் ஒரு ஜோடி பின்னித் தருவாயா?"
கட்டளைபோலத் தொடங்கி
பாதியில் வேறெதுவோ ஆகிவிட்டது அந்தக் குரல்.
அவள் என் மணிக்கட்டுக் கயிற்றை முடிந்துகொண்டே சொன்னாள்,
"உங்கள் கை இன்னும் சூடாகத்தானே இருக்கிறது."

அன்றிரவு அவர் அடுப்பு மூட்டவில்லை.

பிறகு கிழவரானார். அதில் சொல்ல ஒன்றுமில்லை.
இருமினார். மீன் கணக்கைத் தப்பாகப் போட்டார்.
வழிப்போக்கர்கள் தங்கினால் தூங்காமல்
அவர்கள் உதட்டையே பார்த்துக்கொண்டிருப்பார்,
யாராவது அந்தச் சொற்களை முணுமுணுக்கிறார்களா என்று.
பனிரண்டு பேரை எழுப்பிய மனிதர்
பதின்மூன்றாவது எதற்கு அஞ்சினார் என்று
உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

கடைசி நாள் எல்லாரையும் கட்டிலருகே வரச்சொன்னார்.
தரையெல்லாம் கடல்நீர் சொட்டியது.
"என்னை எவனும் எழுப்பக்கூடாது.
கிட்டே விடாதீர்கள்."
அவ்வளவுதான்.
எங்களைப் படுக்கச் சொல்லும் சொல்
அதற்குப் பின்னால் வரும் என்று காத்திருந்தோம்.
வாய் திறந்தபடியே இருந்தது.

ஆழமாகத் தோண்டினோம். கல் அடுக்கினோம்.
இந்தக் கரையில் செத்தவர்களில்
நிம்மதியாக உறங்குகிறவர் அவர் ஒருவர்தான்.
சுற்றி நாங்கள் நிற்கிறோம்.

ஆல்ஃப்தீஸ் வந்து பதினோரு பனி ஆகிறது.
வலக்கையுறை ஒரு பக்கம் ஓட்டை.
திருப்பி மாட்டிக்கொண்டேன்.